வீட்டு லோனுக்கு பேங்க் நோட்டீஸ் வந்துடுச்சா, இத பண்ணுங்க

மொதல்ல நோட்டீஸ்ல சர்ஃபேசி சட்டத்தோட (கடன் கட்டலனா கோர்ட்டுக்குப் போகாமலே பேங்க் அடமானச் சொத்த எடுக்க விடுற சட்டம்) எந்தப் பிரிவு, 13(2)னு இருக்கா 13(4)னு இருக்கானு பாருங்க. 13(2)னா, அதாவது பாக்கிய கட்டச் சொல்ற நோட்டீஸ்னா, 60 நாள் டைம் இருக்கு, அதுக்குள்ள வட்டி கூட போட்டிருக்கான், கட்டுன காச வரவு வைக்கலனு எது இருந்தாலும் எழுதி ரிஜிஸ்டர் தபால்ல அனுப்பிடுங்க, ரசீத தொலச்சிடாதீங்க, பேங்க் 15 நாள்ல பதில் சொல்லியாகணும். கதவுல ஒட்டுற 13(4) பொசஷன் நோட்டீஸ்னா, அதாவது சொத்த பேங்க் கைப்பற்றுற நோட்டீஸ்னா, 45 நாளுக்குள்ள கடன் வசூல் தீர்ப்பாயத்துல, அதான் டிஆர்டில, 17வது பிரிவுல மனு போடணும், சென்னை கோவை மதுரைல இருக்கு. நேரா ஹைகோர்ட் போலாம்னு சொல்வாங்க, பெரும்பாலும் இங்கயே திருப்பி அனுப்பிடுவாங்க, காசுதான் வேஸ்ட். வெறுங்கையோட ஸ்டே கேட்டா கஷ்டம், கொஞ்சம் பணம் ரெடி பண்ணிட்டுப் போங்க. நெசமாவே வெள்ளாம நடக்குற நிலம்னா இந்த சட்டத்துல கை வைக்க முடியாது, என்ன பயிர் போட்டிருக்குனு காட்டுற அடங்கல் காப்பி எடுத்து வைங்க.