ஒரே வேலையிலிருந்து ஒரு படம்: பெண்ணிருப்பைச் சோதனைக் குறும்படமாக்குவது எப்படி?

பெண்ணாக இருப்பது பற்றிச் சோதனைக் குறும்படம் (வழக்கமான கதைசொல்லலை விட்டுப் புதிய வடிவத்தை முயலும் படம்) எடுக்க விரும்புகிறவர், 'பெண்மை' என்ற பெரிய சொல்லை ஒதுக்கிவைத்துவிட்டு, கை தானாகச் செய்யப் பழகிவிட்ட ஒரு வேலையை முதலில் தேர்ந்தெடுக்க வேண்டும். அது தலை பின்னுதலாகவோ துணி மடித்தலாகவோ காய் நறுக்குதலாகவோ இருக்கலாம். சொல்லிலிருந்து தொடங்கும் படங்கள் பெரும்பாலும் கண்ணாடி முன் கலங்கி நிற்கும் பெண்ணிடம்தான் போய் முடிகின்றன.

அமெரிக்கக் கலைஞர் மார்த்தா ராஸ்லர் 1975இல் எடுத்த 'செமியாட்டிக்ஸ் ஆஃப் தி கிச்சன்' (சமையலறையின் குறியியல்) ஏறத்தாழ 6 நிமிடம் ஓடும் கறுப்பு வெள்ளை வீடியோ. அசையாத கேமராவின் முன் ஏப்ரன் அணிந்து நின்று, ஆங்கில அகரவரிசைப்படி சமையல் கருவிகளை எடுத்துப் பெயர் சொல்லி, அவற்றைப் பயன்படுத்தும் விதத்தை அவர் காட்டுகிறார். அந்தக் காட்டலில்தான் குத்தும் வேகமும் அடக்கிய கோபமும் வெளிப்படுகின்றன. கடைசி எழுத்துகளுக்கு வரும்போது தம் உடலையே எழுத்தாக வளைக்கிறார். மாறாத விதி ஒன்று இருப்பதால்தான் அதிலிருந்து சிறிது விலகுவதுகூட நம்மைத் தாக்குகிறது. ஆகவே நீங்களும் முதலில் ஒரு விதியை வகுத்துக்கொண்டு, கேமராவை முக்காலியில் நிறுத்தி, அந்த வேலையை வெட்டின்றி 10 நிமிடம் பதிவு செய்யுங்கள். சலிப்பு வரும், வரட்டும், கை தடுமாறும் கணம் அதற்குப் பிறகே கிடைக்கும்.

ஒலியைத் தனியே பதிவு செய்வது நல்லது. பெல்ஜிய இயக்குநர் ஷாந்தால் ஆக்கர்மான் 18 வயதில், 1968இல், தாமே நடித்து எடுத்த 13 நிமிடப் படமான 'சோத் மா வில்'லில், சமையலறைக் காட்சிகளோடு ஒட்டாத ஒரு முணுமுணுப்புப் பாட்டு ஓடிக்கொண்டேயிருக்கும். விளையாட்டாகத் தோன்றிய அந்தக் குரல், படத்தின் பெண் கதவிடுக்கை நாடாவால் ஒட்டி கேஸைத் திறக்கும்போது அச்சமூட்டுவதாகிவிடுகிறது. விளக்கவுரை பேசும் பின்னணிக் குரலால் இந்த விளைவை ஒருபோதும் உண்டாக்க முடியாது என்பது என் கருத்து.

படத்தொகுப்புக்கு அமெரிக்க இயக்குநர் மாயா டெரனின் 1943ஆம் ஆண்டுப் படமான 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' நல்ல பாடம்: கத்தியேந்திய பெண்ணின் சில அடிகளே கடற்கரையையும் புல்தரையையும் வீட்டுத் தரைவிரிப்பையும் இணைத்துவிடுகின்றன. இடம் மாறினாலும் அசைவு அறுபடாத இடத்தில் வெட்டுங்கள்.

அம்மாவையோ தோழியையோ படமெடுத்திருந்தால், தொகுத்த வடிவத்தை வேறெவருக்கும் முன்பாக அவரிடம் காட்டி, அவர் வேண்டாமென்று சொல்லும் ஷாட்டை நீக்கிவிடுங்கள்.