அப்பீல் போயிருக்கா? போகட்டும், பணத்தைக் கேளுங்கள்

எங்கள் சித்தப்பாவுக்கு மன்னார்குடி பக்கம் ரோட்டுக்கு இரண்டு மா நிலம் போனது. சப் கோர்ட்டில் கேஸ் நடத்தி இழப்பீட்டைக் கூட்டித் தீர்ப்பும் வாங்கிவிட்டார், அப்புறம்தான் வேதனையே. அந்தப் பணத்துக்காக மூன்று வருஷம் நில எடுப்பு ஆபீஸுக்கு நடந்தார், போகும்போதெல்லாம் ஒரே பதில்: "அப்பீல் போயிருக்கு பெரியவரே, முடியட்டும்." கடைசியில் ஒரு வக்கீல் பையன் போனிலேயே கேஸ் நிலவரத்தைத் தட்டிப் பார்த்தான். அப்பீல் இருக்கிறது, ஸ்டே இல்லை.

அப்பீல் வேறு, ஸ்டே வேறு. மேல்முறையீடு போட்டதாலேயே கீழ்க்கோர்ட் தீர்ப்பு நின்றுவிடாது, தடையைத் தனியாகக் கேட்டு வாங்க வேண்டும் என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் ஆணை 41 விதி 5 சொல்கிறது. அரசாங்கத்துக்கும் இதேதான். அதனால் "அப்பீல் இருக்கு" என்று யார் சொன்னாலும், "ஸ்டே ஆர்டர் நகல் கொடுங்க சார்" என்று எழுதிக் கேளுங்கள். இ-கோர்ட்ஸ் செயலியிலும் கேஸ் நம்பரைப் போட்டுப் பார்க்கலாம். தஞ்சாவூர், கும்பகோணம், திருச்சிக்காரர்கள் ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் தேட வேண்டும். திருவாரூர், நாகை, மயிலாடுதுறை என்றால் சென்னை. கும்பகோணத்துக்கும் மயிலாடுதுறைக்கும் நாற்பது கிலோமீட்டர்கூட இருக்காது, ஆனால் ஒருவர் மதுரைக்கு பஸ் ஏற வேண்டும், இன்னொருவர் மெட்ராஸுக்கு.

இன்னொன்றையும் பாருங்கள். அரசுத் தரப்பு அப்பீல்கள் பலவும் காலக்கெடு தாண்டித்தான் வரும், கூடவே தாமதத்தை மன்னிக்கச் சொல்லி ஒரு மனுவும் இருக்கும். அந்த மனு முடிவாகி அப்பீலை விசாரிக்கலாம் என்று கோர்ட் தீர்மானிக்கும் வரை தடை கொடுக்கக் கூடாது என்பது ஆணை 41 விதி 3ஏ. இதைச் சொல்ல உங்கள் பக்கம் ஆள் இருக்க வேண்டும், அதற்குத்தான் கேவியட், அதாவது என்னைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்று கோர்ட்டில் முன்கூட்டியே கொடுத்து வைக்கும் மனு. கீழ்க்கோர்ட் தீர்ப்பு வந்த கையோடு, சம்பா நடவு முடியட்டும் என்று தள்ளிப்போடாமல், ஹைகோர்ட்டில் கேவியட் போட்டுவிடுங்கள். அது 90 நாள்தான் செல்லும், அப்பீல் வரவில்லையென்றால் மறுபடி போட வேண்டும்.

ஸ்டே இல்லை என்றால் தீர்ப்பு கொடுத்த கோர்ட்டிலேயே நிறைவேற்று மனு, அதாவது இ.பி. போடலாம். அரசாங்கத்துக்கு எதிரான தீர்ப்பு என்பதால் தீர்ப்பு தேதியிலிருந்து மூன்று மாதம் பொறுத்திருக்க வேண்டும், அதற்குள் கட்டவில்லை என்றால் ஜப்தி வரை கேட்கலாம். ஆபீஸ் ஜீப், நாற்காலி, கம்ப்யூட்டர் என்று ஜப்தி செய்ய அமீனா (கோர்ட் ஊழியர்) போன செய்தியைப் பேப்பரில் பார்த்திருப்பீர்கள், பெரும்பாலும் இந்த மாதிரி கேஸ்தான். இ.பி. போட்டால் அவர்கள் ஹைகோர்ட்டுக்கு ஓடி ஸ்டே வாங்குவார்களே என்று சிலர் பயப்படுகிறார்கள். வாங்கட்டுமே. அப்படி வரும் ஸ்டே பெரும்பாலும் நிபந்தனையோடுதான் வரும்: கூட்டிய தொகையில் பாதியையோ முழுவதையுமோ வட்டியோடு இத்தனை வாரத்துக்குள் கீழ்க்கோர்ட்டில் கட்டு என்று. அந்தக் கெடுவைக் காலண்டரில் குறித்து வையுங்கள். கட்டவில்லை என்றால் ஸ்டே தானாக ரத்து என்று உத்தரவிலேயே இருக்கும் கேஸ்களில், மறுநாளே இ.பி.யை நகர்த்தலாம்.

கட்டிவிட்டார்கள் என்றால் அதை அங்கேயே தூங்க விடாதீர்கள். சுவாதீனம் எடுத்த முதல் வருஷத்துக்கு 9 சதவீதம், அப்புறம் 15 சதவீதம் என்று ஓடும் சட்ட வட்டி, பணம் டெபாசிட்டாகி உங்களுக்கு நோட்டீஸும் வந்த பிறகு அந்தத் தொகைக்கு நின்றுவிடும். 2006 குர்பிரீத் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆகவே பணம் எடுக்க அனுமதி கேட்டு உடனே மனு போடுங்கள், ஒரு பகுதியை ஜாமீன் இல்லாமலும் மீதியைச் சொத்து ஜாமீனிலும் எடுக்கக் கேட்கலாம். ஜாமீன் காட்ட வழியில்லை என்றால் மீதியைத் தேசிய வங்கியில் வைப்புத்தொகையாகப் போடச் சொல்லுங்கள். ஒரு எச்சரிக்கை: அப்பீலில் தொகை குறைந்தால் வித்தியாசத்தைத் திருப்பிக் கட்டச் சொல்வார்கள், எடுத்ததை எல்லாம் மாடி வீட்டில் போட்டுவிடாதீர்கள்.

டெல்டாவில் பணம் மாட்டுவது பெரும்பாலும் காகிதத்தில்தான். பட்டா தாத்தா பெயரில் இருக்கும், அண்ணன் சிங்கப்பூரில் இருப்பார், ஒரு அத்தை இறந்திருப்பார். வாரிசுச் சான்றும், வெளிநாட்டில் இருப்பவரின் பவர் பத்திரமும் முன்கூட்டியே தயாராக இருக்கட்டும். கோயில் நிலம் குத்தகை என்றால், பதிவான குத்தகைதாரர் தன் பங்கைக் கோர்ட்டில் கேட்டே ஆக வேண்டும், யாரும் கூப்பிட்டுக் கொடுக்க மாட்டார்கள். பான் கார்டு கட்டாயம், அது இல்லாமல் போனால் வட்டியில் 20 சதவீதம் டிடிஎஸ், அதாவது வருமான வரிப் பிடித்தம், போய்விடும். அப்புறம், "வாங்கித் தருகிறேன், பத்து பர்சன்ட்" என்று டீக்கடையில் வந்து உட்காரும் ஆளை நம்ப வேண்டாம். வக்கீல்கூட ஜெயிக்கும் தொகையில் பங்கு பேசக் கூடாது, பார் கவுன்சில் விதி அப்படி.

கேஸே போடாத பக்கத்து வயல்காரருக்கும் ஒரு வழி உண்டு. ஒரே நில எடுப்பு அறிவிக்கையில் நிலம் போயிருந்தால், உங்கள் தீர்ப்பு தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள் கலெக்டரிடம் மனு கொடுத்து அதே விலையைக் கேட்கலாம், பழைய நில எடுப்புச் சட்டத்தில் பிரிவு 28ஏ, அதற்குப் பதிலாக வந்த 2013 சட்டத்தில் பிரிவு 73. சித்தப்பாவின் வரப்புக்கு அந்தப் பக்கத்துக்காரர் இதைக் கேள்விப்பட்டபோது ஐந்தாவது மாதம் நடந்துகொண்டிருந்தது.