கிரய ஒப்பந்தம் போட்டவர்கள் காலக்கெடுவைக் கவனிக்கவும்

முன்பணம் வாங்கிக்கொண்டு கிரயப் பத்திரம் எழுதித் தர மறுக்கும் உரிமையாளர் மீது, 1963ஆம் ஆண்டு ஸ்பெசிஃபிக் ரிலீஃப் சட்டத்தின் கீழ், ஒப்புக்கொண்டபடி கிரயம் செய்து தர உத்தரவிடக் கோரும் 'ஏற்றதை ஆற்றுக' என்னும் வழக்கைத் தொடரலாம். ஒப்பந்தத்தில் நாள் குறித்திருந்தால் அந்த நாளிலிருந்தும், குறிக்காவிட்டால் உரிமையாளர் மறுத்தது தெரிந்த நாளிலிருந்தும் 3 ஆண்டுகளுக்குள் வழக்குத் தாக்கலாக வேண்டும். கடைசி மாதம்வரை காத்திருப்பது வழக்கை நாமே பலவீனப்படுத்துவதாகும்.

ஏனெனில், பாக்கித் தொகையைச் செலுத்தத் தொடக்கம் முதலே தயாராகவும் விருப்பத்துடனும் இருந்ததை, அதே சட்டத்தின் 16(சி) பிரிவின்படி, வாங்குபவரே மெய்ப்பிக்க வேண்டும். 2018ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின்னும் இந்தச் சுமை நீங்கவில்லை. "பணம் தயார், இன்ன நாளில் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வாருங்கள்" என்று கெடுவுக்குள் அனுப்பிய வக்கீல் நோட்டீசும், அதன் ஒப்புகை அட்டையும், அந்தக் காலத்து வங்கிக் கணக்கு விவரமும் வாய்ச் சாட்சியத்தைவிட வலுவாக நிற்கும்.

தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் முதல் கிரய ஒப்பந்தத்தைப் பதிவு செய்வது கட்டாயம். பதியாத ஒப்பந்தத்தையும் இவ்வழக்கில் சாட்சியமாக ஏற்கலாம் என உச்ச நீதிமன்றம் 2023இல் தீர்ப்பளித்தது (அதற்காகப் பதிவுச் செலவை மிச்சம் பிடிக்க நினைக்க வேண்டாம்). கிரயம் கிடைக்காவிட்டால் முன்பணத்தையாவது திருப்பிக் கேட்கும் மாற்றுப் பரிகாரத்தையும் வழக்குரையிலேயே சேர்த்துவிடுங்கள். கேட்காததை நீதிமன்றம் தானாக வழங்காது.