பினாங்கு ஜார்ஜ் டவுனில் உணவு உலா: தவிர்க்க வேண்டிய தவறுகள்

“பசியாறியாச்சாக்கா?” என்று கேட்டார் வழிகாட்டி. காலை எட்டரை மணி. மலேசியத் தமிழில் காலைச் சாப்பாட்டுக்குப் பசியாறல் என்று பெயர். என் சித்தி முந்திக்கொண்டு, “ஆச்சுப்பா, ஹோட்டல்லயே எல்லாம் வச்சிருந்தாங்க. இட்லிகூட இருந்துச்சு” என்றார். அந்தத் தம்பியின் முகம் சட்டென்று வாடியது. மூன்றரை மணி நேரத்தில் ஏழு கடைகளுக்கு எங்களைக் கூட்டிப்போக அவர் ஏற்பாடு செய்திருந்தார். மூன்றாவது கடையிலேயே சித்தி தட்டைத் தள்ளி வைத்துவிட்டார்.

அதற்குப் பிறகு பினாங்கில் இருக்கும் தங்கை வீட்டுக்குப் போகும்போதெல்லாம், ஊரிலிருந்து வரும் சொந்தக்காரர்களை இந்த மாதிரி உலாவுக்கு அழைத்துப்போகிறேன். வருகிறவர்கள் செய்யும் தவறுகள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான். காசு கொடுத்து, வெயிலில் நடந்து, நல்ல சாப்பாட்டைத் தவறவிட்டு வருவது எனக்கு மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

வயிற்றை நிரப்பிக்கொண்டு போவது

ஹோட்டல் கட்டணத்தில் காலைச் சாப்பாடும் சேர்ந்திருந்தால் அதை விட மனம் வராதுதான். ஆனால் உலா இருக்கும் நாளில் விட்டுத்தான் ஆக வேண்டும். ஒரு காபி, இரண்டு பிஸ்கட் போதும். மலேசியாவின் காலை உணவுப் பழக்கமே, நாசி லெமாக் என்ற தேங்காய்ப்பால் சோறு, நம் பரோட்டா போன்ற ரொட்டி சானாய், தே தாரேக் என்ற ஆற்றிய பால் தேநீர் எல்லாம் சேர்த்து, 2024இல் யுனெஸ்கோவின் மரபுப் பட்டியலில் இடம்பெற்றது. அதை வாசலில் விட்டுவிட்டு ஹோட்டல் ரொட்டித்துண்டுக்கு வெண்ணெய் தடவுவானேன்?

இதே தவறின் இன்னொரு வடிவம், முதல் கடையில் வந்த தட்டை முழுசாகக் காலி செய்வது. சோற்றை வீணாக்கக் கூடாது என்று வளர்ந்தவர்கள் நாம். அதற்கு வழி, ஆளுக்கொரு தட்டு வாங்காமல் மூன்று பேருக்கு ஒரு தட்டு வாங்குவது. வழிகாட்டியிடம் முதலிலேயே சொல்லிவிட்டால் அவர் அளந்து சொல்லுவார். இதில் இன்னொரு நன்மையும் உண்டு. சார் குவே தியாவ் என்ற அரிசிப் பட்டை நூடுல்ஸை நல்ல கைக்காரர்கள் ஒவ்வொரு தட்டாகத்தான் வறுப்பார்கள். தீ உச்சத்தில் இருக்கும். இறால், முட்டை, முளைப்பயறு, சீன வெங்காயத்தாள் எல்லாம் இரும்புச் சட்டியில் ஒரு நிமிடம் துள்ளி, கருகும் தருவாயில் தட்டுக்கு வரும். அந்தப் புகை வாசம்தான் அதன் உயிர். பத்துத் தட்டை ஒன்றாகக் கேட்டால் சட்டி நிரம்பி, வறுவல் வேகலாகிவிடும்.

என்ன சாப்பிட மாட்டீர்கள் என்பதை நேரில் போய்ச் சொல்வது

எல்லாவற்றையும்விட பெரிய தவறு இதுதான் என்பேன். பதிவு செய்யும்போதே சொல்ல வேண்டும். அதுவும் ‘சைவம்’ என்று ஒற்றைச் சொல்லில் நிறுத்தக் கூடாது. மீன் சாறு, இறால் விழுது, முட்டை, பன்றிக் கொழுப்பு, மாட்டிறைச்சி, இவற்றில் எது ஆகும், எது ஆகாது என்று ஒவ்வொன்றாக எழுதி அனுப்புங்கள்.

ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், என் சித்தி சுத்த சைவம். வேறொரு நாள் ஒரு கடையில் நாங்களே போய் உட்கார்ந்து “சாயூர்” என்று கேட்டோம். மலாயில் காய்கறி என்று பொருள். பச்சைப் பசேலென்று கங்கோங் கீரை வந்தது. முதல் வாய் வைத்ததும் சித்தி தட்டை மூக்கருகே கொண்டுபோனார். “கருவாட்டு வாசம் வருதுடி.” பெலாச்சான் போட்டு வதக்கியிருந்தார்கள். இறாலை உப்பிட்டு, புளிக்கவைத்து, காயவைத்து, இடித்துச் செய்யும் விழுது அது. கடைக்காரர் பொய் சொல்லவில்லை. அவர் கணக்கில் அது காய்கறிதான். சித்தி அன்றைக்கு அதற்குமேல் தண்ணீர் மட்டும்தான் குடித்தார்.

பெலாச்சானும் நெத்திலியும் மிளகாய் அரைத்த பல சம்பல்களில் இருக்கும். ரோஜாக் என்ற பழக் கலவையின் கறுப்புக் குழம்பில் ஹே கோ என்ற இறால் விழுது இருக்கும். சார் குவே தியாவை மரபாகப் பன்றிக் கொழுப்பில்தான் வறுப்பார்கள். பினாங்கு ஹொக்கியன் மீ என்ற நூடுல்ஸின் சாற்றில் இறால் தலையும் பன்றி எலும்பும் வெந்திருக்கும். ‘டாகிங்’ என்றால் அகராதிப்படி இறைச்சி. மலேசியக் கடைப் பலகையில் பெரும்பாலும் அது மாட்டிறைச்சி. ‘பன்றி இல்லை’ என்று பலகை இருந்தாலே ஹலால் என்று முஸ்லிம் நண்பர்கள் எடுத்துக்கொள்ள முடியாது. இரண்டும் வேறு.

இதனால் சைவக்காரர்கள் பயப்பட வேண்டியதில்லை. சீனர்களின் சைவக் கடைகளில் பெரும்பாலும் வெங்காயம் பூண்டுகூட இருக்காது. முன்கூட்டியே தெரிந்தால் வழிகாட்டி பாதையையே மாற்றி அமைப்பார். நின்ற இடத்தில் சொன்னால் அவரால் என்ன செய்ய முடியும், சொல்லுங்கள்?

ஒவ்வாமை இருந்தால் இன்னும் கவனம். சத்தே என்ற குச்சிக் கறி, பசெம்பூர் என்ற காய்கறிக் கலவை, ரோஜாக் மூன்றிலும் வேர்க்கடலை சேரும். சார் குவே தியாவில் போடும் ரத்தச் சிப்பியைப் பலர் அரைவேக்காட்டில்தான் விரும்புவார்கள். மஞ்சள் காமாலைக் கிருமி பரவ அது ஒரு வழி. எனக்கு அது வேண்டாம் என்று தயங்காமல் சொல்லுங்கள். சிப்பி இல்லாமலும் வறுத்துத் தருவார்கள்.

‘லிட்டில் இந்தியா எதுக்கு? நம்ம ஊர்ச் சாப்பாடுதானே’

இதைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு ஆற்றாமையாக இருக்கும். பயணத் திட்டத்தைப் பார்த்ததுமே நம்மவர்கள் முதலில் வெட்டச் சொல்வது ஜார்ஜ் டவுனின் இந்த இந்தியக் கடைத்தெருப் பகுதியைத்தான். சீனச் சாப்பாடு காட்டுங்கள், மலாய்ச் சாப்பாடு காட்டுங்கள், இட்லி தோசை எங்களுக்குத் தெரியும் என்பார்கள்.

ஆனால் இங்கே இருப்பது கடல் தாண்டி வந்து வேறாக வளர்ந்த நம் சாப்பாடு. நாசி கண்டார் என்பதையே எடுத்துக்கொள்ளுங்கள். நாசி என்றால் சோறு, கண்டார் என்றால் தோள்தடி. தமிழ் முஸ்லிம் வியாபாரிகள் தடியின் ஒரு முனையில் சோற்றுப் பானையும் மறு முனையில் குழம்புப் பானையும் தொங்கவிட்டுச் சுமந்துபோய், துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர்களுக்கு விற்ற சாப்பாடு அது. கேம்பல் தெருவில் 1907இல் தொடங்கிய ஹமீதியா இன்றும் நடக்கிறது. இப்படித் தமிழ் முஸ்லிம்கள் நடத்தும் சாப்பாட்டுக் கடைகளுக்கு மாமாக் கடை என்ற பெயரே நம் ‘மாமா’விலிருந்து வந்ததுதான்.

அங்கே நம்மவர்கள் செய்யும் ஒரு தவறு, குழம்பைத் தனித்தனிக் கிண்ணத்தில் கேட்பது. பரிமாறுகிறவரின் கையை ஒரு நிமிடம் பாருங்கள். சோற்றின் மேல் முதலில் வெண்டைக்காயை வைப்பார். பக்கத்தில் கோழி. அப்புறம் கரண்டி ஒரு பானையிலிருந்து அடுத்த பானைக்குப் போகும். மீன் குழம்பில் கொஞ்சம், கறிக்குழம்பில் கொஞ்சம், கறுப்புச் சோயா சேர்ந்த கோழிக் குழம்பில் கொஞ்சம். எல்லாம் சோற்றின் மேலேயே கலந்து ஊறும். அந்தக் கலவைதான் நாசி கண்டார். குழம்பு நிறைய வேண்டுமென்றால் ‘பஞ்சிர்’ என்றால் போதும். வெள்ளம் என்று பொருள். பெரிய இறாலையும் மீன் சினையையும் விரல் நீட்டிக் கேட்பதற்கு முன் விலையைக் கேட்டுக்கொள்ளுங்கள். தட்டில் வந்தபிறகு பேசிப் பயனில்லை.

ஆப்பத்தின் கதை இதைவிட அழகு. இங்கே அதன் பெயர் அப்போம். வாழைப்பழத் துண்டும் சோளமணியும் வைத்து மடித்த சின்னச் சின்ன ஆப்பங்களைச் சீனத் தாத்தா ஒருவர் வரிசையான குட்டிச் சட்டிகளில் சுட்டு எடுப்பதைப் பார்த்தேன். ஓரம் மொறுமொறுவென்று, நடுவில் மெத்தென்று, அசல் நம் வீட்டு ஆப்ப வாசம்.

நடக்கும் வழியில் ஒரே தெருவை ஒட்டிக் கண்ணில் படுபவை: 1801இல் தமிழ் முஸ்லிம்கள் எழுப்பிய கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல், 1833ஆம் ஆண்டின் மகாமாரியம்மன் கோயில், கருணைத் தாய் குவான் யின் கோயில், 1818இல் கட்டிய புனித ஜார்ஜ் தேவாலயம். சூலியா தெருவில் நாகூர் ஆண்டவர் பெயரில் ஒரு தர்கா. 1786இல் கிழக்கிந்தியக் கம்பெனி துறைமுகமாக்கிய ஊருக்கு யார் யார் வந்தார்கள், என்ன சமைத்தார்கள் என்பது இங்கே சேர்ந்தே கிடக்கிறது. 2008இல் யுனெஸ்கோ இந்தப் பகுதியை மலாக்காவோடு சேர்த்து உலக மரபிடமாக அறிவித்ததும் இந்தக் கலப்புக்காகத்தான். இதை வெட்டிவிட்டுச் சாப்பிடுவதென்றால் உலாவே தேவையில்லை, ஒரு உணவுக்கூடத்தில் உட்கார்ந்துவிடலாம்.

பழகாத ருசிக்கு ஒரே வாயில் தீர்ப்பு சொல்வது

புளிப்பு மீன் சாற்றில் வரும் நூடுல்ஸான அசாம் லக்சாவை முதல் வாயிலேயே ‘மீன் நாத்தம்’ என்று ஒதுக்கியவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். கொஞ்சம் பொறுத்து, கடைக்காரர் செய்வதைக் கவனியுங்கள். தடித்த அரிசி நூடுல்ஸ் மேல் கொதிக்கும் சாற்றை ஊற்றுவார், வடிப்பார், மறுபடி ஊற்றுவார். நூடுல்ஸ் சூடேறியதும் வெள்ளரி, அன்னாசி, புதினா, இஞ்சிப்பூவின் சீவல். கடைசியில் ஒரு கரண்டி ஹே கோ. அந்தச் சாறு கானாங்கெளுத்தி மீனை வேகவைத்து உதிர்த்து, புளியும், நம் குடம்புளியின் இனத்தைச் சேர்ந்த காய்ந்த புளித்துண்டும் போட்டது. யோசித்துப் பார்த்தால் நம் மீன் குழம்புக்கு அது தூரத்து உறவு. ஹே கோவை முதலிலேயே கலக்காமல் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துக்கொண்டு மூன்று வாய் சாப்பிடுங்கள். அப்புறமும் பிடிக்கவில்லை என்றால் சரி, விட்டுவிடலாம்.

பதிவு செய்யும்போது பார்க்காமல் விடுவது

மலேசியாவில் சுற்றுலா வழிகாட்டிக்கு அரசு உரிமம் வேண்டும். அட்டை அணிந்திருப்பார்கள். கட்டணத்தில் சாப்பாடு சேர்ந்ததா, நடக்க மட்டும்தானா என்று கேளுங்கள். ஆட்கள் எத்தனை பேர் என்றும் கேளுங்கள். பத்துப் பேருக்கு மேல் போனால் பின்னால் நிற்பவருக்கு விளக்கம் காதில் விழாது.

காலை உலாவும் மாலை உலாவும் ஒன்றல்ல. ரொட்டி சானாயும் சந்தையும் காலைக்கு. சூலியா தெரு, கிம்பர்லி தெரு ஒட்டுக்கடைகள் பொழுது சாய்ந்த பிறகுதான் களைகட்டும். ‘மிஷெலின் பட்டியலில் உள்ள கடைக்கே போகணும்’ என்று அடம்பிடிப்பவர்களும் உண்டு. மிஷெலின் என்பது உணவகங்களைத் தரம்பிரிக்கும் வழிகாட்டி நூல். 2022 டிசம்பரில் பினாங்குக்கான அதன் முதல் பட்டியல் வந்தபிறகு சில கடைகளில் வரிசை நீண்டுவிட்டது. அந்த ஒரு வரிசையில் நிற்கும் நேரத்தில் மூன்று நல்ல கடைகளைப் பார்த்துவிடலாம். வழிகாட்டி வேறு கடை சொன்னால் நம்பிப் போங்கள்.

கடையில் நடந்துகொள்ளும் விதம்

கோப்பித்தியாம் என்பது பல ஒட்டுக்கடைகள் சேர்ந்திருக்கும் காபிக் கடை. மேசை காபிக் கடைக்காரருடையது, சாப்பாடு வேறு வேறு ஆட்களுடையது. உட்கார்ந்தால் அவரிடம் ஒரு பானம் வாங்குவதுதான் முறை. தண்ணீர் பாட்டிலை வெளியே எடுத்து வைத்துக்கொண்டு உட்காருவது அவர் வயிற்றில் அடிப்பது. பன்றி விற்கும் கடையில் வாங்கிய பொட்டலத்தோடு மாமாக் கடைக்குள் போகவே கூடாது. விலையில் பேரமும் வேண்டாம்.

படம் எடுப்பதற்கு முன் ஒரு தலையசைப்பில் அனுமதி கேளுங்கள். வறுக்கும் சட்டிக்கு ஒரு முழம் தூரத்தில் கைப்பேசியை நீட்டினால் அவர் கை தடுமாறும். எண்ணெய் தெறித்தால் உங்களுக்கும் ஆபத்து. சில்லறை ரிங்கிட் நோட்டுகள் கையில் இருக்கட்டும். குடையும் வேண்டும், வெயிலுக்கும் மழைக்கும். கடை முன்னால் ஓடும் ஐந்தடி நடைபாதைகள் ஒன்றுக்கொன்று உயரம் மாறும், அதனால் வழுக்காத செருப்பாகப் போடுங்கள்.

இன்னொன்று. உலா முடிந்த கையோடு மதியச் சாப்பாட்டுக்கு வேறு இடம் பதிவு செய்து வைக்காதீர்கள். செண்டோல் என்ற குளிர்ந்த இனிப்பின் கிண்ணத்தின் அடியில் தேங்காய்ப்பாலும் பனைவெல்லமும் கலந்து கிடக்கும்போது எழுந்து ஓட வேண்டியிருக்கும். அந்த நேரத்தில் வழிகாட்டியிடம், நீங்கள் வீட்டுக்கு எங்கே வாங்கிப் போவீர்கள் என்று கேளுங்கள். என் சித்தி அப்படித்தான் இரண்டாம் முறை போனபோது கேட்டார். வழிகாட்டி ஒரு ரசீதின் பின்பக்கம் நான்கு கடைகளின் தெருவையும் விடுமுறைக் கிழமையையும் எழுதிக் கொடுத்தார். அதில் இரண்டு சைவம். மறுநாள் காலை ஏழு மணிக்கே சித்தி என்னை எழுப்பிவிட்டார்.