வாஷிங்டன் கோ-கோ இசைக்குழு: தாளம் அறாமல் நடத்துவது எப்படி

கோ-கோ, அமெரிக்கத் தலைநகர் வாஷிங்டனில் பிறந்து இன்றும் அந்த வட்டாரத்தையே வீடாகக் கொண்ட, தாளமே முன்னிற்கும் ஃபங்க் வகை இசை. 1970களில் டிஸ்கோ மன்றங்களில் டிஜேக்கள் இடைவெளியே விடாமல் பாட்டு ஓட்டியதால், மேடைக் குழுக்களிடமிருந்து கூட்டம் நழுவியது. பாடகரும் கிடார் கலைஞருமான சக் பிரவுன் அதற்கு ஒரு வழி கண்டார். பாட்டு முடிந்தாலும் டிரம்ஸும், கையால் தட்டும் உயரமான முரசான காங்காவும் நிற்காது; அந்த நேரத்தில் அவர் கூட்டத்தோடு பேசுவார், அடுத்த பாட்டு அதே தாளத்தின் மேல் ஏறிக்கொள்ளும். அவருடைய 'பஸ்டின் லூஸ்' 1979இல் அமெரிக்காவின் ஆர் அண்ட் பி (ரிதம் அண்ட் புளூஸ்) பாடல் பட்டியலில் முதலிடம் பிடித்தது. கோ-கோ குழு பிழைப்பதும் கவிழ்வதும் பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவிலுள்ள அந்த இரண்டு மூன்று நிமிடங்களில்தான்.

ஆள் சேர்க்கும்போது தாளத்திலிருந்து தொடங்குங்கள். டிரம்ஸ் ஒருவர், காங்கா ஒருவர், கௌபெல்லும் (குச்சியால் தட்டும் உலோக மணி) டிம்பாலிஸும் (ஆழமில்லாத உலோக முரசு ஜோடி) சேர்த்து இன்னொருவர். இந்த மூவரும் ஒன்றாகப் பழகிய பிறகே பேஸ் கிடார், கிடார், கீபோர்டு, ஊதுகருவிகள், பாடகர்கள். மொத்தம் 10 பேர் ஆகிவிடும். காங்கா வாசிப்பவரிடம் இரண்டு மூன்று காங்காக்களும், எட்டும் உயரத்தில் ஸ்டாண்டில் மாட்டிய 6, 8, 10 அங்குல ரோட்டோடாம்களும் (சுழற்றிச் சுருதி மாற்றும், கூடு இல்லாத சிறு முரசுகள்) இருக்க வேண்டும். காங்காவில் ஓடும் கை சட்டென்று ரோட்டோடாமுக்குத் தாவி இறங்குவதுதான் கோ-கோவின் அடையாள ஒலி. கருவி வாங்கக் காசில்லை என்று தயங்க வேண்டாம். 1980இல் வாஷிங்டனின் பேரி ஃபார்ம் குடியிருப்பின் பிள்ளைகள் வாளியையும் தகர டப்பாவையும் தட்டித் தொடங்கியதுதான் ஜங்க்யார்டு பேண்ட்.

அடிப்படைத் தாளத்துக்குப் 'பாக்கெட்' என்று பெயர். வேகம் நிமிடத்துக்கு 90 முதல் 100 தட்டு வரை வைத்துக்கொள்ளுங்கள். நான்கு தட்டு ஒரு சுற்று. டிரம்ஸில் சுள்ளென்று ஒலிக்கும் ஸ்நேர் 2, 4ஆம் தட்டுகளில் விழும். காலால் மிதிக்கும் கிக் டிரம் முதல் தட்டை ஊன்றிவிட்டு, மற்ற அடிகளைத் தட்டுகளுக்கு இடையில் வைக்கும். ஊசலாட்டம் எங்கிருந்து வருகிறது என்பதை வாயால் சொல்லிப் பார்த்தால் புரியும். ஒரு தட்டை இரண்டு பாதியாக்கி, ஒவ்வொரு பாதிக்கும் 'தகிட' சொல்லுங்கள். நடுவிலுள்ள 'கி'யை விழுங்கி, 'த–ட த–ட' என்று மட்டும் கையில் கொண்டுவாருங்கள். மூன்றும் சம அளவில் இல்லாமல் 'தட' நெருங்கிவிட்டால் அணிவகுப்பு நடை போல விறைத்துப்போகும். காலில் ஆட்டம் வராது.

பயிற்சிக்கு, சீராகத் தட்டு ஒலிக்கும் கருவியான மெட்ரோனோமை நிமிடத்துக்கு 48இல் வைத்து, அந்த ஒலியை 2, 4ஆம் தட்டுகளாக எண்ணுங்கள். 96 வேகம் கிடைக்கும். தாளக்காரர்கள் மூவர் மட்டும் இப்படி 20 நிமிடம் நிறுத்தாமல் வாசிக்கட்டும். பத்தாவது நிமிடத்தில் வேகம் ஏறத் தொடங்குவது வழக்கமான கோளாறு. பெரும்பாலும் காங்காக்காரர் இடைவெளிகளையெல்லாம் நிரப்புவதுதான் காரணம். ரோட்டோடாம் உருட்டலை நான்கு சுற்றுக்கு ஒரு முறை என்று கட்டுப்படுத்தினால் சரியாகும்.

பாட்டு மாறும் இடம் அடுத்த சிக்கல். பாட்டு முடிந்ததும் கிடார், கீபோர்டு, ஊதுகருவிகள் விலகட்டும், பேஸும் இறங்கட்டும், தாளம் மட்டும் நிற்கட்டும். அடுத்த பாட்டுக்குக் கை சைகையை முன்பே பேசி வையுங்கள். சைகைக்குப் பின் நான்கு சுற்று கழித்து பேஸ் முதலில் நுழைந்தால் சுருதி மாற்றம் உறுத்தாது. எல்லோரும் ஒரே நேரத்தில் பாய்ந்தால் பாட்டின் முதல் வரி குழம்பிவிடும்.

அந்த இடைவெளியை ஆள்பவர் 'லீட் டாக்கர்'. கூட்டத்தில் யார் வந்திருக்கிறார்கள், எந்தத் தெருவிலிருந்து, யாருக்குப் பிறந்தநாள் என்று தாளத்துக்குள்ளேயே கூப்பிட்டுப் பதில் வாங்குவது அவர் வேலை. நல்ல குரலைவிட நல்ல நினைவாற்றல் உள்ளவரைப் போடுங்கள். பெயர்ச் சீட்டுகளை மேடையோரத்தில் ஒருவர் வாங்கித் தரட்டும். ஒரு பகுதியை மட்டும் திரும்பத் திரும்ப அழைத்தால் மற்றவர்கள் விலகிப்போவார்கள், சுற்றி வாருங்கள்.

எல்லா இரவும் மிக்ஸரிலிருந்து நேராகப் பதிவு செய்யுங்கள். 'பி.ஏ. டேப்' எனப்படும் இந்த மேடைப் பதிவுகள்தான், கையிலிருந்து கைக்குப் போய், பல ஆண்டுகள் இந்த இசையைச் சுமந்தன. ஸ்டுடியோவில் நான்கு நிமிடமாகச் சுருக்கிய பாட்டில் கூட்டத்தின் பதில் இருக்காது. கோ-கோவில் பாதி போய்விடும். மிக்ஸர் பதிவில் மக்களின் குரல் மெலிந்திருக்கும் என்பதால், கூட்டத்தை நோக்கி இரண்டு மைக் தனியாக வையுங்கள்.

பிறர் பாட்டை கோ-கோ தாளத்தில் வாசிப்பது இங்கே சகஜம். மேடையில் வாசிக்க, மன்றம் எடுத்துள்ள இசை உரிமம் பொதுவாகப் போதும். அந்தப் பதிவை வெளியிடத் தனி உரிமம் வேண்டும். வீடியோவுக்கு மற்றொரு அனுமதி.

எந்தக் கூட்டத்துக்கு வாசிக்கிறோம் என்பதையும் முன்பே முடிவு செய்யுங்கள். முப்பது தாண்டியவர்களுக்கு ஆர் அண்ட் பி பாட்டுகளும் நிதானமான பாக்கெட்டும் பிடிக்கும். 2000களில் டி.சி.பி. குழு பரப்பிய, கோ-கோவின் புதிய தாள வகையான 'பௌன்ஸ் பீட்' இளையவர்களுக்கு. இரண்டையும் ஒரே இரவில் திணித்தால் இரு தரப்பும் பாதியில் கிளம்பிவிடும்.

திறந்தவெளி நிகழ்ச்சி என்றால் ஒலி அனுமதியை எழுத்தில் வாங்குங்கள். 2019இல் வாஷிங்டனின் ஷா பகுதியில் ஒரு ஃபோன் கடை வாசலில் ஆண்டுக்கணக்காக ஒலித்த கோ-கோ, புகார் காரணமாக நிறுத்தப்பட்டது. மக்கள் தெருவுக்கு வந்து போராடித்தான் அதை மீட்டார்கள். 2020இல் கோ-கோ நகரத்தின் அதிகாரபூர்வ இசையானது. ஆனாலும் உங்கள் நிகழ்ச்சிக்கான அனுமதிச் சீட்டை நீங்கள்தான் எடுக்க வேண்டும்.

பணத்தில் 10 பேருக்கு 12 பங்கு போடுங்கள்: ஆளுக்கு ஒன்று, சவுண்ட் இன்ஜினியருக்கு ஒன்று, வண்டிக்கும் பழுதுக்கும் ஒன்று. 2,400 டாலர் வந்தால் பங்குக்கு 200. அன்றிரவே, எல்லோர் முன்னிலையிலும் எண்ணிக் கொடுங்கள். குழுவின் பெயர் யாருக்குச் சொந்தம், விலகுபவர் அதைப் பயன்படுத்தலாமா என்பதை முதல் நிகழ்ச்சிக்கு முன்பே எழுதிக் கையெழுத்து வாங்கிவிடுங்கள்.