ஃபால் கைஸ்: முதல் கிரீடத்தை வெல்லப் புதியவர்களுக்கு ஒரு செய்முறை விளக்கம்

ஃபால் கைஸ் என்பது இணையத்தில் பலர் ஆளுக்கொரு பொம்மையை ஓட்டி விளையாடும் வீடியோ கேம். சுற்றுக்குச் சுற்று சிலர் வெளியேற, இறுதிச் சுற்றில் வெல்பவருக்குக் கிரீடம் கிடைக்கும். இதை விளையாடத் தொடங்கும் பலரும் முதல் சுற்றிலேயே முதலிடத்துக்காக முட்டி மோதி ஓடுகிறார்கள். கிரீடத்தைப் பொறுத்தவரை அதனால் எந்தப் பயனும் இல்லை. ஓட்டச் சுற்றில் முதலாவதாக எல்லைக்கோட்டைத் தொட்டவரும், தகுதி பெறும் கடைசி இடத்தைப் பிடித்தவரும் அடுத்த சுற்றுக்குச் சமமாகவே போகிறார்கள். முந்தைய சுற்றின் முன்னிலை எதுவும் கூடவே வருவதில்லை. ஆகவே இறுதிச் சுற்று வரும்வரை உங்கள் வேலை வெளியேறாமல் இருப்பது மட்டுமே. உங்களை வெளியேற்றுவது பெரும்பாலும் சுழலும் சுத்தியலோ உருளும் பந்தோ அல்ல, உங்களைச் சுற்றி ஓடும் கூட்டம்தான். அந்தக் கூட்டத்தை விட்டு எப்போது விலக வேண்டும், எப்போது அதன் பின்னால் போக வேண்டும் என்பதைத்தான் கீழே படிப்படியாக விளக்குகிறேன்.

ஆட்டத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மீடியாடோனிக் நிறுவனம் உருவாக்கிய இந்த விளையாட்டு 2020 ஆகஸ்ட் 4 அன்று பிளேஸ்டேஷன் 4க்கும் கணினிக்கும் வெளியானது. அடுத்த ஆண்டு எபிக் கேம்ஸ் அந்த நிறுவனத்தை வாங்கியது. 2022 ஜூன் 21 முதல் விளையாட்டு இலவசமாகி, நின்டெண்டோ ஸ்விட்ச், எக்ஸ்பாக்ஸ் ஆகியவற்றுக்கும் வந்தது. தொடக்கத்தில் ஓர் ஆட்டத்தில் 60 பேர் வரை இருந்தார்கள். பிற்பாடு அந்த எண்ணிக்கை குறைக்கப்பட்டது. 1986இல் ஜப்பானில் தொடங்கிய ‘டகேஷிஸ் காசில்’ என்னும் தடை தாண்டும் தொலைக்காட்சி நிகழ்ச்சி இதற்கு ஒரு தூண்டுகோல் என்று உருவாக்கியவர்களே சொல்லியிருக்கிறார்கள். போகோ தொலைக்காட்சியில் ஜாவேத் ஜாஃப்ரியின் இந்தி வர்ணனையோடு அதைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு, சேற்றில் விழும் மனிதர்களின் சாயல் இந்தப் பொம்மைகளில் உடனே தெரியும். கைபேசியில் இதே போன்ற ஸ்டம்பிள் கைஸ் விளையாட்டை விளையாடுபவர்களுக்கும் இங்கே சொல்லப்படுபவற்றில் பெரும்பகுதி பொருந்தும். அங்கே 32 பேரில் தொடங்கி, 16, 8 என்று குறைந்து, மூன்றாவது சுற்றில் ஒருவர் வெல்கிறார்.

படி 1: மூன்று பட்டன்களைப் பழகுங்கள்

தாவுதல், பாய்தல், பிடித்தல் என்று மூன்றே செயல்கள்தான் உள்ளன. கணினியில் ஸ்பேஸ் பாரை அழுத்தினால் தாவலாம். பாய்வதற்குக் கன்ட்ரோல் விசையும் பிடிப்பதற்கு ஷிஃப்ட் விசையும் உள்ளன. விரலுக்கு வசதிப்படவில்லை என்றால் செட்டிங்ஸ் பகுதியில் இவற்றை மாற்றிக்கொள்ளலாம்.

இவற்றுள் புதியவர்கள் அளவுக்கு மீறிப் பயன்படுத்துவது பாய்தல். தாவிய பிறகு காற்றிலேயே பாய்ந்தால் சற்றுக் கூடுதலான தூரம் கிடைக்கும். ஆனால் தரையில் குப்புற விழுந்து, எழுந்து, மறுபடி வேகம் பிடிப்பதற்குள் அந்த லாபம் கரைந்துவிடும். சமதரையில் திரும்பத் திரும்பப் பாய்பவர் நேராக ஓடுபவரைவிடப் பின்தங்குவதே வழக்கம். ஆகவே அகலமான இடைவெளியைக் கடக்கும்போதும், வழுக்கும் சரிவில் இறங்கும்போதும், எல்லைக்கோட்டுக்கு அருகே கடைசி நொடியிலும் மட்டும் பாயுங்கள்.

பிடித்தலைப் பலரும் பிறரை வம்புக்கு இழுக்கும் பட்டனாகவே கருதுகிறார்கள். உயரமான விளிம்பைப் பற்றிக்கொண்டு மேலே ஏறுவதற்கும் அதுவே உதவுகிறது. தாவல் போதாமல் விளிம்பில் மோதிவிட்டால் பதறாமல் பிடிக்கும் பட்டனை அழுத்தியபடி முன்னோக்கி நகருங்கள். பொம்மை தானே ஏறிக்கொள்ளும். அடுத்தவரைப் பிடித்து நிறுத்தினால் அவரோடு சேர்ந்து நீங்களும் நின்றுவிடுவீர்கள் என்பதால், ஓட்டச் சுற்றுகளில் அது பெரும்பாலும் இருவருக்கும் நட்டமாகவே முடிகிறது.

படி 2: கேமராவையும் இணைய இணைப்பையும் சரிசெய்யுங்கள்

பொம்மை எந்தத் திசையில் ஓடும் என்பது கேமரா எங்கே பார்க்கிறது என்பதைப் பொறுத்தது. ஓடும்போதே கேமராவைச் சற்று உயர்த்தி, காலடியைப் பார்ப்பதற்குப் பதிலாக இரண்டு தடைகளுக்கு அப்பால் என்ன இருக்கிறது என்று பார்க்கப் பழகுங்கள். கேமரா மிக வேகமாகச் சுழல்வதாகத் தோன்றினால் செட்டிங்ஸில் அதன் வேகத்தைக் குறைத்துவிடுங்கள். இணைப்பு தாமதமாக இருந்தால், பிற பொம்மைகளின் வாலைப் பறிக்கும் சுற்றுகளில் உங்கள் திரையில் எட்டத்தில் தெரிபவர் உண்மையில் உங்கள் முதுகுக்குப் பின்னாலேயே இருப்பார். முடிந்தால் கேபிள் வழியாக இணையுங்கள். இல்லையென்றால் ரவுட்டர் இருக்கும் அறையிலேயே உட்கார்ந்து விளையாடுங்கள்.

படி 3: ஓட்டச் சுற்றுகளில் கூட்டத்தின் ஓரமாகப் போங்கள்

இந்த விளையாட்டில் உடல்கள் ஒன்றையொன்று ஊடுருவிச் செல்வதில்லை. மோதினால் தடுமாறும், தடுமாறினால் விழும். எல்லோரும் ஒரே வேளையில் நடுப்பாதையில் நெரிபடுவதால் அங்கேதான் விழுபவர்கள் அதிகம். தொடக்க வரிசையில் நீங்கள் எங்கே நிறுத்தப்பட்டாலும், முதல் தடை வருவதற்குள் இடப்புறமோ வலப்புறமோ ஓர் ஓரத்துக்கு நகர்ந்துவிடுங்கள். பின்வரிசையில் நிறுத்தப்பட்டால் வருந்த வேண்டாம்; முன்னால் இருப்பவர்கள் குவியலாக விழுந்து கிடக்கும்போது அவர்களைச் சுற்றிக்கொண்டு போகலாம்.

சீ சா என்னும் சுற்றில் இதை நன்றாகப் பார்க்கலாம். ஏற்ற இறக்கப் பலகைகள் வரிசையாக இருக்கும். எந்தப் பக்கம் ஆட்கள் அதிகமோ அந்தப் பக்கம் பலகை சாயும். எல்லோரும் அவசரமாக ஏறினால் பலகை செங்குத்தாகச் சாய்ந்து, மொத்தக் கும்பலும் கீழே சறுக்கிவிடும். பலகை ஏற்கெனவே நன்றாகச் சாய்ந்திருந்தால் அதில் ஏறாதீர்கள். ஓரிரு நொடிகள் நின்று, சுமை விழுந்து அது சமநிலைக்கு வரும்போது, உயர்ந்து நிற்கும் பக்கத்தில் தாவுங்கள். உங்கள் எடையும் அந்தப் பக்கத்தைக் கீழே கொண்டுவர உதவும். இந்தச் சுற்றில் நிற்பதுதான் வேகம். சும்மா நின்றுகொண்டிருப்பதாக மனம் உறுத்தினாலும் பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேட் கிராஷ் சுற்றில் கதவுகள் ஏறி இறங்கிக்கொண்டே இருக்கும். இப்போது திறந்திருக்கும் கதவை நோக்கி ஓடினால், நீங்கள் போய்ச் சேரும்போது அது மூடியிருக்க வாய்ப்பு அதிகம். நீங்கள் சேரும் நொடியில் எது திறந்திருக்கும் என்று கணக்கிட்டு ஓடுங்கள். டிஸி ஹைட்ஸ் சுற்றின் சுழலும் வட்டுகளில், எந்த ஓரம் முன்னோக்கி நகர்கிறதோ அந்த ஓரத்தில் ஏறினால் வட்டே உங்களைக் கொண்டுசேர்க்கும்.

ஸ்லைம் கிளைம்ப் மட்டும் இந்தப் பட்டியலில் சேராது. அங்கே கீழிருந்து கூழ் ஏறிக்கொண்டே வருகிறது. அதில் விழுந்தால் மீண்டு வர வழியில்லை, அத்தோடு ஆட்டம் முடிந்தது. ஆகவே குறுக்குவழிகளில் எகிறிக் குதிப்பவர்களைப் பார்த்து ஆசைப்படாதீர்கள். நகரும் மஞ்சள் சுவர்கள் உங்களைப் பக்கவாட்டில் தள்ளும் இடங்களில், சுவர் பின்வாங்கும் வேளை பார்த்துக் கடந்துவிடுங்கள்.

படி 4: வழி தெரியாத இடங்களில் கூட்டத்தை முன்னே விடுங்கள்

டோர் டேஷ் சுற்றில் வரிசை வரிசையாகக் கதவுகள் நிற்கும். சில உடையும், சில உடையாது. எது எது என்பது ஆட்டத்துக்கு ஆட்டம் மாறுவதால் மனப்பாடம் செய்து பயனில்லை. முதலில் ஓடுபவர் போலிக் கதவில் மோதி விழுகிறார். அவருக்கு ஓரிரண்டு அடி பின்னால் வருபவர் உடைந்த கதவைப் பார்த்து நேராகப் போகிறார். நீங்கள் அந்த இரண்டாமவராக இருங்கள். ஆனால் உடைந்த ஒரே கதவுக்குள் இருபது பேர் நுழையப் பார்க்கும்போது நடுவில் மாட்டிக்கொண்டால் அங்கேயே சிக்கிவிடுவீர்கள். அந்த வரிசையில் இன்னும் யாரும் மோதிப் பார்க்காத கதவு பக்கத்திலேயே இருந்தால் அதை முயன்று பார்ப்பது நெரிசலில் நிற்பதைவிட மேல்.

டிப் டோ சுற்றும் இதே வகைதான், ஆனால் அங்கே ஒரு நுணுக்கம் உண்டு. தரை முழுவதும் கட்டங்கள். சில கட்டங்கள் கால் பட்டதும் மறைந்துவிடும், மீதிக் கட்டங்கள் சேர்ந்து எல்லை வரை ஒரு தொடர்ச்சியான பாதையாக அமையும். வழி கண்டுபிடிக்கும் வேலையை முன்னால் நிற்பவர்களிடம் விட்டுவிட்டு, அவர்களுக்கு ஒன்றிரண்டு கட்டங்கள் பின்னால் நில்லுங்கள். நெருங்கி நின்றால் பின்னால் வருபவர்கள் உங்களைத் தள்ளிவிடுவார்கள். ரொம்பவும் விலகி நின்றால் பாதை திறந்ததும் உங்களை முந்திவிடுவார்கள். எல்லைக்கு இன்னும் ஓரிரு கட்டங்களே பாக்கி என்னும் நிலையில் பின்தங்கி நிற்கும் உத்தி முடிந்தது. அப்போது கிடைத்த இடத்திலிருந்து தாவிப் பாய்ந்து எல்லையைத் தொட்டுவிட வேண்டும். அந்த நொடிக்காக முன்கூட்டியே முன்வரிசைக்கு நகர்ந்திருங்கள்.

பெர்ஃபெக்ட் மேட்ச் சுற்றில் தரைக் கட்டங்களில் பழங்களின் படங்கள் வந்து மறையும். பிறகு திரையில் காட்டப்படும் பழத்துக்குரிய கட்டத்தில் நிற்க வேண்டும். எல்லாவற்றையும் நினைவில் வைக்க முயலாமல், உங்களைச் சுற்றியுள்ள கட்டங்களை மட்டும் பார்த்து வையுங்கள். அதுவும் மறந்துபோனால் அதிகம் பேர் கூடி நிற்கும் கட்டத்துக்குப் போய்விடுங்கள். ஊரோடு ஒத்து வாழ் என்பது இந்தச் சுற்றுக்கு அப்படியே பொருந்தும்.

படி 5: அணிச் சுற்றுகளில் கடைசி இடத்தை மட்டும் தவிர்த்தால் போதும்

அணிச் சுற்றுகளில் உங்கள் தனித்திறமைக்கு ஓர் எல்லை உண்டு என்பதால் இங்கே நீட்டி எழுத எனக்கு அதிகம் இல்லை. முட்டைகளைத் தங்கள் கூடையில் சேர்க்கும் எக் ஸ்கிராம்பிள் போன்ற, மூன்று அணிகள் மோதும் சுற்றுகளில் மிகக் குறைந்த புள்ளி பெற்ற அணியே வெளியேறுகிறது. முன்னிலையில் இருந்தால் உங்கள் கூடையைக் காத்து நில்லுங்கள். பின்தங்கினால் முதலிடத்தில் இருப்பவரை விட்டுவிட்டு, உங்களுக்கு ஒரு படி மேலே இருக்கும் அணியின் முட்டைகளை எடுங்கள். பின்தங்கி நிற்கும் இரண்டு அணிகளும் ஒன்றையொன்று சுரண்டிக்கொண்டிருக்கும்போது முதலிடத்தைத் துரத்துவது வீண் வேலை.

படி 6: இறுதிச் சுற்றில் முறையை மாற்றுங்கள்

இதுவரை பிழைத்திருந்தால் போதுமாக இருந்தது. இறுதிச் சுற்றில் ஒருவரே வெல்வதால் கணக்கு மாறுகிறது.

ஹெக்ஸ்-எ-கான் சுற்றுதான் புதியவர்கள் தங்கள் முதல் கிரீடத்தை வெல்ல ஏற்றது என்பது என் கருத்து. ஏனெனில் இங்கே கை வேகத்தைவிட நிதானம் அதிகம் பலன் தருகிறது. அறுகோணக் கட்டங்கள் பல அடுக்குகளாக இருக்கும்; கால் பட்ட கட்டம் சற்று நேரத்தில் மறைந்துவிடும்; கடைசி அடுக்குக்கும் கீழே விழுந்தவர் தோற்றார். ஓடினால் ஒரு நொடிக்குள் பல கட்டங்கள் கரையும். அதற்குப் பதிலாக ஒரு கட்டத்தில் நின்று, அது மறைவதற்குச் சற்று முன் பக்கத்துக் கட்டத்துக்குத் தாவி, மறுபடி நின்று தாவினால், கையளவு இடத்திலேயே நெடுநேரம் தாக்குப்பிடிக்கலாம். தாவும்போது காற்றில் இருக்கும் நேரமும் உங்கள் கணக்கில் சேர்கிறது. தொடக்கத்திலேயே பிறரிடமிருந்து விலகி, இன்னும் கால் படாத மூலையைத் தேடுங்கள். மேலடுக்கில் கட்டங்கள் தீரும் நேரத்தில் கேமராவைக் கீழே திருப்பி, அடுத்த அடுக்கில் எங்கே கட்டங்கள் நெருக்கமாக எஞ்சியிருக்கின்றன என்று பார்த்து அங்கே விழுங்கள். கண்மூடித்தனமாக விழுந்தால் இரண்டு மூன்று அடுக்குகளைச் சேர்த்தே இழந்துவிடுவீர்கள். இருவர் மட்டும் எஞ்சியிருக்கும்போது, எதிராளி போக வேண்டிய திசையில் உள்ள கட்டங்களை முன்கூட்டியே ஓடிக் கரைத்துவிடலாம். அங்கே மட்டும் ஓடுவது சரி.

ஜம்ப் ஷோடவுன் சுற்றில் இரண்டு தண்டுகள் சுழலும். தாழ்வாக வருவதைத் தாவிக் கடக்க வேண்டும், உயரத்தில் வருவது தவறான நேரத்தில் தாவியவரை அடிக்கும். நேரம் போகப் போக வேகம் கூடும். நிற்கும் மேடைகளும் ஒவ்வொன்றாக விழும். விழப்போகும் மேடை முதலில் அதிரும் என்பதால், அதிர்ந்தவுடன் நகருங்கள். தண்டு எங்கே வருகிறது என்று எப்போதும் தெரியும்படி கேமராவை வைத்துக்கொண்டு, யாரும் உங்களைப் பிடித்து நிறுத்த முடியாத தூரத்தில் நில்லுங்கள்.

ராயல் ஃபம்பிள் சுற்றில் ஒரே ஒரு வால். நேரம் முடியும்போது அது யாரிடம் இருக்கிறதோ அவரே வென்றவர். தொடக்கத்திலேயே பறித்துவிட்டு எல்லோரும் துரத்த ஓடித் தவிப்பதைவிட, கடைசிச் சில நொடிகளில் பறிப்பது எளிது. அதுவரை வால் வைத்திருப்பவரை விட்டு அதிகம் விலகாமலும் அவரை நேர்பின்னால் துரத்தாமலும், அவர் திரும்பி வரக்கூடிய வழியில் காத்திருங்கள்.

ஃபால் மவுண்டன் முழுக்க முழுக்க ஓட்டப்பந்தயம். மேலிருந்து உருண்டு வரும் பந்துகளை விலக்கிக்கொண்டு மலையேறி, உச்சியில் தொங்கும் கிரீடத்தை எடுக்க வேண்டும். இங்கே முதலிடம் உண்மையாகவே தேவைப்படுகிறது. ஆகவே முன்பு சொன்னபடி ஓரமாகவே ஏறினாலும், எங்கும் நிற்காதீர்கள். உச்சியில் கிரீடம் மேலும் கீழுமாக அசைந்துகொண்டிருக்கும். முதலில் வந்து சேர்ந்தவர் அவசரப்பட்டு, அது உயரத்தில் இருக்கும்போது தாவிக் கீழே விழுவதும், பின்னால் வந்தவர் நிதானமாக எடுத்துச்செல்வதும் அடிக்கடி நடப்பதுதான். கிரீடம் இறங்கத் தொடங்கும்போது தாவுங்கள். தாவினால் மட்டும் போதாது, உடல் பட்டால் மட்டும் கிரீடம் கிடைத்துவிடாது. காற்றில் இருக்கும்போதே பிடிக்கும் பட்டனை அழுத்தி, கிரீடம் கையில் சிக்கும்வரை விரலை எடுக்காமல் இருக்க வேண்டும்.