ஊரே துக்க வீடாகும்போது

ஒரு வீட்டில் சாவு விழுந்தால் அங்கே அடுப்பு எரியாது. பக்கத்துத் தெருவிலிருந்து சோறு வரும். 2004 டிசம்பர் 26 அன்று ஆழிப்பேரலை நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கும் மேற்பட்டோரைக் கொண்டுபோனபோது, அக்கரைப்பேட்டை, கீச்சாங்குப்பம் போன்ற மீனவ ஊர்களில் சோறு அனுப்ப அந்தப் பக்கத்துத் தெரு இல்லை. ஆகவே இத்தகைய வேளையில் முதல் பொறுப்பு வெளியூர்க்காரர்களுடையது. சில நாட்கள் சமைத்துப் போடுங்கள். பிறகு அரிசியையும் பாத்திரங்களையும் ஊர்ப் பெண்களிடமே ஒப்படைத்துவிடுங்கள். பொட்டலத்துக்காக வரிசையில் நிற்பதைவிட, தம் கையால் உலை வைப்பதே அவர்களை மெல்ல எழுந்து நடமாட வைக்கும்.

துக்கம் விசாரிக்கச் செல்பவர் அதிகம் பேச வேண்டியதில்லை. அலையில் பிள்ளைகளை இழந்த, முன்பே கருத்தடை செய்துகொண்டிருந்த தாய்மாருக்கு அதை மாற்றும் அறுவைசிகிச்சையை அன்று அரசு தன் செலவில் செய்துகொடுத்தது. விரும்பியவர்களுக்கு அது பெரிய உதவிதான். ஆனாலும், "இன்னொன்று பிறக்கும்" என்ற சொல் பிள்ளையைப் பறிகொடுத்தவளிடம் எவர் வாயிலிருந்தும் வரக் கூடாது.

மிகக் கடினமானது, உடலைப் பார்க்காத சாவு. பலர் பொதுக்குழிகளில் அடக்கம் செய்யப்பட்டார்கள். சிலர் கிடைக்கவே இல்லை. கொடியில் காயும் பள்ளிச் சீருடையை மடித்து வைக்கக்கூட மனமில்லாத தாயிடம் கருமாதிக்கு நாள் கேட்டு அவசரப்படுத்தாதீர்கள். ஊர்ப் பஞ்சாயத்து ஒரு பொது நாள் குறித்து, செலவைப் பொதுப்பணத்திலிருந்து ஏற்று, சம்மதிப்பவர்களை மட்டும் சேர்த்துக்கொள்வது நல்லது. மற்றவர்களுக்கு நாள் தானே வரும்.

கடலுக்குத் திரும்புவதிலும் இதே நிதானம் தேவை. முதல் நாள் பல படகுகள் ஒன்றாக இறங்கி, கரை கண்ணுக்குத் தெரியும் தூரத்திலேயே வலை விட்டுத் திரும்பினால் போதும். மீன் கிடைத்ததா என்பது அன்றைய கேள்வி அல்ல.

ஆண்டு நினைவுக்கு இரண்டு நாட்கள் உண்டு. அலை வந்தது மார்கழிப் பௌர்ணமியில். ஆகவே வீட்டுத் திதி ஆண்டுதோறும் வேறு தேதிக்கு நகரும், ஊர் கூடிக் கடலில் பாலும் பூவும் இடும் டிசம்பர் 26 நகராது. இரண்டையும் ஒன்றாக்க முயலாதீர்கள். குடும்பத்தோடு போனவர்களுக்குத் திதி கொடுக்க வீட்டில் ஆள் இருக்காது என்பதால், கரையில் பெயர் வாசிப்பவர் அவர்களிலிருந்தே தொடங்கட்டும்.